கடன் தீரும் நாளில் உங்கள் வீட்டின் விலை என்ன?

வீட்டுக் கடன் கேட்டு வங்கிக்குப் போகிறவர்கள் மேலாளரிடம் முதலில் கேட்பது, "மாசம் எவ்வளவு சார் கட்டணும்?" என்பதைத்தான். அவர் சொல்லும் தொகை சம்பளத்துக்குள் அடங்கிவிட்டால் மனசு நிறைந்துவிடுகிறது. அடுத்த கேள்வி, "எப்ப சார் சாங்ஷன் ஆகும்?" கடன் தீரும் நாளில் மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்போம் என்று கேட்பவர்கள் மிகக் குறைவு. மாதத் தவணை, அதாவது இ.எம்.ஐ., உங்களால் கட்ட முடியுமா என்பதை மட்டுமே சொல்லும். கடனின் விலை என்ன என்பதை அது சொல்லாது. இரண்டையும் ஒன்றென்று நினைத்துக் கையெழுத்துப் போடுவதால்தான் முப்பது வயதில் வாங்கிய வீட்டுக்கு ஓய்வுபெறும் வயதிலும் தவணை போய்க்கொண்டிருக்கிறது.

இந்த அத்தியாயம் முழுக்க ஒரே உதாரணத்தை வைத்துக்கொள்வோம். கோவையில் கட்டி முடித்த ஒரு தனி வீடு. விலை 50 லட்சம். ரிசர்வ் வங்கியின் விதிப்படி 30 லட்சம் வரையிலான கடன் என்றால் வீட்டு மதிப்பில் 90 சதவீதம் வரை தரலாம். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரை 80 சதவீதம். அதற்கும் மேல் போனால் 75 சதவீதம். ஆகவே நம் உதாரணத்தில் கடன் 40 லட்சம், கைக்காசு 10 லட்சம். வட்டி ஆண்டுக்கு 8.5 சதவீதம், தவணைக்காலம் 20 ஆண்டுகள் என்று வைப்போம். நீங்கள் இதைப் படிக்கும் நாளில் வட்டி விகிதம் வேறாக இருக்கலாம். கணக்கின் போக்கு இதுதான்.

தவணை மாதம் 34,713 ரூபாய் வரும். 240 மாதங்களுக்குக் கட்டினால் மொத்தம் 83.31 லட்சம். இதில் அசல் 40 லட்சம், வட்டி 43.31 லட்சம். வீட்டுக்காக வாங்கிய பணத்தைவிட அந்தப் பணத்துக்காகக் கட்டும் வட்டி அதிகம்.

அசல் ஏன் குறையவே மாட்டேன் என்கிறது?

ஐந்து ஆண்டுகள் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியவர் வங்கிக்குப் போய் ஸ்டேட்மென்ட் வாங்கிப் பார்க்கிறார். 20.83 லட்சம் கட்டியிருக்கிறார். பாக்கி எவ்வளவு? 35.25 லட்சம். அசலில் குறைந்தது 4.75 லட்சம்தான், மீதி 16.08 லட்சமும் வட்டிக்குப் போய்விட்டது. "பேங்க்காரன் முதல்ல வட்டியை மொத்தமா எடுத்துக்கிறான்" என்று பலரும் கோபப்படுவது இந்த இடத்தில்தான். கோபம் நியாயம், காரணம் தவறு. வங்கி எதையும் முன்கூட்டி எடுப்பதில்லை. அந்தந்த மாதம் நிலுவையில் இருக்கும் அசலுக்கு மட்டுமே வட்டி போடுகிறது. முதல் மாதம் நிலுவை 40 லட்சம் முழுவதும் இருக்கிறது. அதற்கு 8.5 சதவீத வட்டி, ஒரு மாதத்துக்கு 28,333 ரூபாய். 34,713-இல் அதைக் கழித்தால் அசலுக்குப் போவது 6,380 ரூபாய். அடுத்த மாதம் நிலுவை 6,380 குறைவு. அதற்கேற்ப வட்டியும் 45 ரூபாய் குறையும். இப்படி மிக மெதுவாகத்தான் பாரம் இறங்கும்.

பத்து ஆண்டுகள் முடியும்போது, அதாவது காலத்தில் சரிபாதி போன பிறகும், 28 லட்சம் பாக்கி இருக்கும். அசலில் பாதி குறைய 13 ஆண்டு 10 மாதம் ஆகும். இதை மனத்தில் பதித்துக்கொள்ளுங்கள். நான்கைந்து ஆண்டுகளில் விற்றுவிடலாம் என்று நினைத்து வீடு வாங்குகிறவர்கள், விற்ற பணத்தில் பெரும்பகுதி நேராக வங்கிக்குத்தான் போகும் என்பதை முன்பே தெரிந்துகொள்ள வேண்டும்.

வங்கிகள் மாதந்தோறும், இன்னும் சரியாகச் சொன்னால் பெரும்பாலும் தினசரி நிலுவையில், வட்டி கணக்கிடுகின்றன. ஆண்டுக்கு ஒருமுறைதான் அசலைக் குறைப்போம் என்கிற கடன் நிறுவனம் அதே விகிதத்தைச் சொன்னாலும் அதிகமாகத்தான் வாங்குகிறது. அசல் குறைந்தாலும் முதலில் வாங்கிய முழுத் தொகைக்கே கடைசிவரை வட்டி போடும் 'ஃபிளாட் வட்டி' என்று சொன்னால் அங்கே உட்காரவே வேண்டாம். 20 ஆண்டுக் கடனில் அது கட்டுபடியாகாத வட்டி.

காலத்தைக் கூட்டினால்

தவணை அதிகம் என்று நீங்கள் முகம் சுளித்தால், வங்கியில் உடனே வரும் பதில், "டென்யூர் கூட்டிக்கலாம் சார்." அது எவ்வளவு செலவு பிடிக்கும் என்பதை நான்கு வரிகளில் பாருங்கள். கடன் அதே 40 லட்சம், வட்டி அதே 8.5 சதவீதம்.

15 ஆண்டு: தவணை 39,390, மொத்த வட்டி 30.90 லட்சம்.
20 ஆண்டு: தவணை 34,713, மொத்த வட்டி 43.31 லட்சம்.
25 ஆண்டு: தவணை 32,209, மொத்த வட்டி 56.63 லட்சம்.
30 ஆண்டு: தவணை 30,757, மொத்த வட்டி 70.73 லட்சம்.

பதினைந்திலிருந்து இருபதுக்குப் போனால் தவணை மாதம் 4,677 ரூபாய் குறைகிறது, வட்டி 12.4 லட்சம் கூடுகிறது. இருபதிலிருந்து இருபத்தைந்துக்குப் போனால் மாதம் 2,504 ரூபாய்தான் குறைகிறது, வட்டி 13.3 லட்சம் கூடுகிறது. இருபத்தைந்திலிருந்து முப்பதுக்குப் போனாலோ மாதம் வெறும் 1,452 ரூபாய்க்காக 14 லட்சத்துக்கு மேல் கூடுதல் வட்டி. ஒவ்வோர் ஐந்தாண்டு நீட்டிப்பிலும் கிடைக்கும் நிம்மதி சுருங்குகிறது, விலை ஏறுகிறது. மாதம் 1,452 ரூபாய் குறைந்தால்தான் இந்த வீட்டை வாங்க முடியும் என்ற நிலையில் இருப்பவர், என் கருத்தில், இந்த வீட்டை இப்போது வாங்கக் கூடாது. இன்னும் இரண்டு ஆண்டு சேர்த்து, கைக்காசைக் கூட்டிக்கொண்டு வாங்கலாம். அல்லது 45 லட்சத்து வீட்டைப் பார்க்கலாம்.

ஒரு விதிவிலக்கு உண்டு. நிரந்தர வருமானம் இல்லாதவர்கள், சிறுதொழில் செய்பவர்கள், பருவத்தைப் பொறுத்துப் பணம் வருகிறவர்கள் ஆகியோர் நீண்ட காலத்துக்குக் கடனை எடுத்து, கட்டாயத் தவணையைச் சிறிதாக வைத்துக்கொண்டு, கையில் வரும்போதெல்லாம் கூடுதலாகக் கட்டுவது நல்ல வழிதான். ஆனால் கூடுதலாகக் கட்டும் ஒழுக்கம் இருக்க வேண்டும். அது இல்லாவிட்டால் 30 ஆண்டு என்பது உண்மையிலேயே 30 ஆண்டாகிவிடும்.

வட்டி ஏறும்போது யாருக்கும் தெரியாமல் நீளும் கடன்

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மிதவை வட்டி வீட்டுக் கடன்கள் அனைத்தும் ரெப்போ போன்ற ஒரு வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டுள்ளன. ரெப்போ என்பது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் குறுகிய காலத்துக்குப் பணம் தரும்போது வாங்கும் வட்டி. அதன் மேல் வங்கி தன் பங்காக ஒரு விகிதத்தைச் சேர்த்து உங்கள் வட்டியை நிர்ணயிக்கும். ரெப்போ ஏறினாலும் இறங்கினாலும் மூன்று மாதத்துக்குள் உங்கள் வட்டியும் நகரும். வீட்டு நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. அவை தாங்களே வகுத்துக்கொண்ட அடிப்படை வட்டியை வைத்திருக்கின்றன. அங்கே கடன் வாங்கினால், ஏற்றம் விரைவாகவும் இறக்கம் மெதுவாகவும் வருகிறதா என்று ஆண்டுக்கு ஒருமுறையாவது கவனியுங்கள்.

2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமாக ஏறியது. ஒன்பது மாதத்தில் இரண்டரை சதவீதம். அந்த ஏற்றத்துக்கு முன் 40 லட்சத்தை 7 சதவீதத்தில், 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 31,012 ரூபாய். வட்டி 9.5 சதவீதமாகும்போது அவருடைய அசல் 39 லட்சமாகக் குறைந்திருந்தது என்றே வைத்துக்கொள்வோம். அதற்கு ஒரு மாத வட்டி மட்டும் 30,875 ரூபாய். தவணையில் அசலுக்கு மிஞ்சுவது 137 ரூபாய். தவணையை மாற்றாமல் விட்டால் இந்தக் கடன் தீர இன்னும் 57 ஆண்டுகள் ஆகும். எந்த வங்கியும் அவ்வளவு காலம் தராது. அப்போது பல இடங்களில் நடந்தது என்னவென்றால், கடன்காரரின் ஓய்வு வயது வரை எவ்வளவு நீட்ட முடியுமோ அவ்வளவு நீட்டிவிட்டு, அதற்கு மேல்தான் தவணையைக் கூட்டினார்கள். கணக்கிலிருந்து மாதாமாதம் அதே தொகை பிடிக்கப்பட்டதால் பலருக்கு ஒரு வித்தியாசமும் தெரியவில்லை. கடன் முடியும் ஆண்டு மட்டும் சத்தமில்லாமல் தள்ளிப்போயிருந்தது.

இதைப் பார்த்துத்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று முடிவெடுக்கும் உரிமை உங்களுடையது. நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பையும் வங்கி விரும்பினால் தன் கொள்கைப்படி தரலாம். தவணை வட்டிக்கே போதாமல் அசல் ஏறுகிற நிலை வரும்படி காலத்தை நீட்டக் கூடாது. காலாண்டுக்கு ஒருமுறை, இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் அடங்கிய அறிக்கை தர வேண்டும்.

அந்த அறிக்கையில் மற்ற எதைப் பார்க்காவிட்டாலும் மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கையைப் பாருங்கள். மூன்று மாதம் முன்பு 192 என்றிருந்தால் இப்போது 189 இருக்க வேண்டும். 205 என்று இருந்தால் அன்றே வங்கிக்கு எழுத்தில் கேளுங்கள்: "எனக்குக் காலம் நீள வேண்டாம், தவணையைக் கூட்டுங்கள்." நேரில் சொல்வது போதாது, மின்னஞ்சலாகவோ கடிதமாகவோ இருக்கட்டும்.

இறங்கும்போதும் இதே கவனம் வேண்டும். 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ 6.5-இலிருந்து 5.5 சதவீதத்துக்கு வந்தது. இதுபோல் வட்டி குறையும் நாட்களில் வங்கி தவணையைக் குறைத்துக் கொடுத்தால் அந்த ஆயிரம் இரண்டாயிரத்தில் ஆசைப்படாதீர்கள். பழைய தவணையே தொடரட்டும், காலம் குறையட்டும் என்று கேளுங்கள். ஏற்கெனவே கட்டிப் பழகிய தொகைதானே.

2019-க்கு முன் கடன் வாங்கி, இன்னும் பழைய அடிப்படையிலான வட்டியிலேயே இருப்பவர்கள் ரெப்போ அடிப்படைக்கு மாற்றித் தரும்படி கேட்கலாம். புதிதாக வருகிறவருக்கு 8.5 சதவீதம் தரும் வங்கி, பத்தாண்டுகள் ஒழுங்காகக் கட்டிய உங்களிடம் 9.5 வாங்கிக்கொண்டிருக்கலாம். நீங்களாகக் கேட்காதவரை அது மாறாது.

கடனுக்கு வெளியே இருக்கும் செலவு

முதலில் பத்திரப்பதிவு. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 50 லட்சத்துக்கு 4.5 லட்சம். கடன் தொகையைக் கணக்கிடும்போது பொதுவாக வங்கி இதைச் சேர்ப்பதில்லை, முழுவதும் கைக்காசு. ஆகவே 10 லட்சம் சேர்த்து வைத்தவர் வீடு வாங்கத் தயாராக இல்லை. பதிவுக்கே இன்னும் 4.5 லட்சம் வேண்டும். கடைசி வாரத்தில் இதை உணர்ந்து, வீட்டு நகையை அடகு வைப்பதும் தனிநபர் கடன் எடுப்பதும் நம் ஊரில் சாதாரணமாக நடக்கிறது. தனிநபர் கடனின் வட்டி வீட்டுக் கடனைவிட மிக அதிகம். அப்படி வாங்கிய வீட்டின் உண்மையான வட்டி 8.5 சதவீதம் இல்லை என்பதைக் கணக்கு எழுதும்போது நேர்மையாக ஒப்புக்கொள்ள வேண்டும்.

அடுத்து ப்ராசஸிங் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், தாய்ப்பத்திரங்களை வங்கியில் ஒப்படைத்ததற்கான எம்.ஓ.டி. ஆவணப் பதிவு. தனித்தனியாகச் சிறியவை, கூட்டினால் பல ஆயிரங்கள். கட்டுமானத்தில் இருக்கும் அடுக்ககம் என்றால் 5 சதவீத ஜி.எஸ்.டி.யும் உண்டு, 45 லட்சத்துக்குள், குறிப்பிட்ட பரப்பளவுக்குள் அடங்கும் வீடுகளுக்கு 1 சதவீதம். முடிவுச் சான்று பெற்ற வீட்டுக்கு ஜி.எஸ்.டி. கிடையாது.

கட்டுமானத்தில் இருக்கும் வீட்டுக்கு இன்னொரு செலவும் உண்டு. வங்கி கட்டம் கட்டமாகப் பணம் தரும்; முழுத் தவணை தொடங்கும்வரை, கொடுத்த பணத்துக்கு வட்டி மட்டும் கட்டினால் போதும் என்பார்கள். இதுதான் ப்ரீ-இ.எம்.ஐ. இரண்டு ஆண்டுகள் சராசரியாக 20 லட்சம் நிலுவையில் இருந்தால் மாதம் 14,167 வீதம் 3.4 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசலில் ஒரு ரூபாயும் குறைந்திருக்காது. இருக்கும் வீட்டு வாடகையும் தனி. கட்டுநர் ஓராண்டு தாமதித்தால் இந்தச் செலவும் ஓராண்டு நீளும். விலை கொஞ்சம் அதிகமானாலும் கட்டி முடித்த வீடே மேல் என்று நான் சொல்வதற்கு இது முக்கியமான காரணம்.

இனி, எல்லாவற்றிலும் கவனிக்காமல் விடப்படும் ஒன்று. கடன் சாங்ஷன் ஆன பிறகு ஒரு காப்பீட்டுப் படிவம் வரும். "இதையும் போட்டாத்தான் சார் ஃபைல் நகரும், கையிலிருந்து கட்ட வேண்டாம், லோன்லயே சேர்த்துடலாம்." பிரீமியம் 1.2 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். கடனில் சேர்ந்ததும் அதுவும் 20 ஆண்டுக் கடனாகிவிடுகிறது. 8.5 சதவீதத்தில் அந்த 1.2 லட்சத்துக்கு நீங்கள் கட்டப்போவது 2.5 லட்சம். கடனோடு ஆயுள் காப்பீடு எடுத்தே ஆக வேண்டும் என்று ரிசர்வ் வங்கியும் சொல்லவில்லை, காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையமும் சொல்லவில்லை. வீட்டுக்கான தீ விபத்துக் காப்பீடு வேறு. அதை வங்கி கேட்பது நியாயம், பிரீமியமும் குறைவு.

காப்பீடே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. சம்பாதிப்பவர் இறந்துபோனால் மனைவி மக்கள் தலையில் 35 லட்சம் கடன் விழக் கூடாது. அதற்கு, ஆண்டுதோறும் பிரீமியம் கட்டும் சாதாரண டேர்ம் பாலிசியைத் தனியாக எடுங்கள். கடன் தொகைக்குக் குறையாமல் இருக்கட்டும். நாளை கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும். காப்பீட்டுப் பணமும் வங்கிக்குப் போகாமல் குடும்பத்தின் கைக்கு வரும். கடனை அடைப்பதா, என்ன செய்வது என்று அவர்கள் தீர்மானிக்கலாம்.

இப்போது கூட்டிப் பாருங்கள். கைக்காசு 10 லட்சம், பதிவு 4.5 லட்சம், தவணைகள் 83.31 லட்சம், காப்பீடு 2.5 லட்சம். ஒரு கோடியைத் தாண்டுகிறது. ஐம்பது லட்சத்து வீடு.

2024 அக்டோபர் முதல் தனிநபர்களுக்கு வழங்கும் எல்லாத் தவணைக் கடன்களுக்கும் 'முக்கிய விவர அறிக்கை' ஒன்றைக் கையெழுத்துக்கு முன்பே தர வேண்டும் என்பது விதி. கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரத்தில் போட்ட வட்டியை விட்டுவிட்டு இந்த விகிதத்தை ஒப்பிடுங்கள். அரை சதவீதம்தானே என்று நினைக்க வேண்டாம்: 40 லட்சத்துக்கு 20 ஆண்டில் 8.5-க்கும் 9-க்கும் இடையில் 3 லட்சத்துக்கு மேல் வித்தியாசம்.

மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும்

ஒரு கோடி என்று சொல்லி உங்களைப் பயமுறுத்திவிட்டு நிறுத்துவது நேர்மையாகாது. இருபதாவது ஆண்டில் நீங்கள் கட்டும் 34,713 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறும் என்று வைத்தால், 83.31 லட்சத்தின் இன்றைய மதிப்பு சுமார் 52.6 லட்சம். சம்பளமும் ஏறும், வட்டி விகிதம் ஏறாதவரை தவணை ஏறாது. முதல் ஆண்டில் மூச்சு முட்டிய தவணை பத்தாம் ஆண்டில் இலகுவாகத் தெரிவது இதனால்தான். சொந்த வீட்டில் இருப்பதால் மிச்சமாகும் வாடகையும் கணக்கில் வர வேண்டும். அதற்கு எதிர்ப்பக்கத்தில், கையிலிருந்து போட்ட 14.5 லட்சம் 7 சதவீத வைப்பில் இருந்திருந்தால் வரிக்கு முன் 20 ஆண்டில் 56 லட்சமாகியிருக்கும் என்பதையும் எழுத வேண்டும். சொத்து வரி, பெயின்ட், மராமத்து எல்லாம் வீட்டுக்காரர் தலையில்தான்.

வருமான வரிச் சலுகையைப் பற்றி நம்மிடம் ஒரு பழைய நம்பிக்கை இருக்கிறது: "டாக்ஸ்ல மிச்சமாகுதே, எதுக்குக் கடனை அடைக்கணும்?" நாம் குடியிருக்கும் வீட்டின் கடனுக்குப் பழைய வரி முறையில் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. நம் உதாரணத்தில் முதல் ஆண்டு வட்டியே 3.3 லட்சத்தைத் தாண்டும். மேலே உள்ளதற்குக் கழிவு இல்லை. 30 சதவீத வரிப் பிரிவில் இருப்பவருக்கும் மிச்சம் ஏறக்குறைய 60,000. புதிய வரி முறையில் இருப்பவருக்கு, குடியிருக்கும் வீட்டுக்கு இந்தக் கழிவே கிடையாது. இன்று தானாகவே பொருந்துவது புதிய முறைதான். வரியில் பத்து ரூபாய் மிச்சப்படுத்த வங்கிக்கு முப்பது ரூபாய் கொடுப்பதில் லாபம் எதுவும் இல்லை.

குறைக்கும் வழி

தனிநபர் வாங்கிய மிதவை வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்க வங்கியோ வீட்டு நிதி நிறுவனமோ அபராதம் வாங்கக் கூடாது. வங்கிகளுக்கு 2012-லேயே இந்தத் தடை வந்துவிட்டது. இருந்தும் நம்மில் பலர் இந்த உரிமையைப் பயன்படுத்துவதே இல்லை. "பெரிய தொகை சேரட்டும்" என்று காத்திருக்கிறோம். காத்திருப்பதன் விலையைப் பாருங்கள். முதல் ஆண்டு முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் ஏறக்குறைய 14 தவணைகள் குறையும், வட்டியில் 3.78 லட்சம் மிச்சம். அதே 1 லட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது ஆறரைத் தவணை, மிச்சம் 1.29 லட்சம். பதினைந்தாம் ஆண்டில் கட்டினால் அரை லட்சம்தான் மிச்சம். சீக்கிரம் கட்டும் சிறு தொகை, தாமதமாகக் கட்டும் பெரிய தொகையைவிட அதிகம் வேலை செய்கிறது.

நடைமுறைக்கு எளிதான இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுவது. தீபாவளி போனஸோ, முதிர்ந்த சீட்டுப் பணமோ, எதிலிருந்தாவது. 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 8 மாதத்தில் தீரும். வட்டியில் சுமார் 8 லட்சம் மிச்சம். இரண்டாவது, சம்பளம் ஏறும்போதெல்லாம் தவணையையும் ஆண்டுக்கு 5 சதவீதம் ஏற்றுவது. முதல் ஆண்டு 34,713, அடுத்த ஆண்டு 36,449, இப்படியே. கடன் 12 ஆண்டு 3 மாதத்தில் முடிந்துவிடும். வட்டியில் 15 லட்சத்துக்கு மேல் மிச்சம். நாற்பது வயதுக்குள் இருக்கும் சம்பளக்காரர்களுக்கு நான் முதலில் பரிந்துரைப்பது இந்த இரண்டாவது வழியைத்தான். பெரிய தொகை எதுவும் தேவையில்லை.

கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு முறையும், "தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். ஆறு மாதக் குடும்பச் செலவைக் கையில் வைத்துக்கொண்ட பிறகே கூடுதலாகக் கட்டுங்கள். வங்கிக்குப் போன பணம் அவசரத்துக்குத் திரும்பி வராது. ஓவர்டிராஃப்ட் வகை வீட்டுக் கடன் எடுத்தால் கூடுதல் பணத்தைத் தேவைப்படும்போது எடுத்துக்கொள்ளலாம். வட்டி சற்றுக் கூடுதலாக இருக்கலாம், கேட்டுக்கொள்ளுங்கள். கிரெடிட் கார்டு, தனிநபர் கடன் பாக்கி இருந்தால் அதை முதலில் அடையுங்கள். வீட்டுக் கடனின் முறை அதற்குப் பிறகுதான்.

வேறு வங்கிக்கு மாற்றுவதில் ஒரு பொறி இருக்கிறது. ஐந்தாம் ஆண்டு முடிவில் நிலுவை 35.25 லட்சம். இன்னொரு வங்கி 8 சதவீதத்துக்குத் தருகிறேன் என்கிறது. காலம் மறுபடி 20 ஆண்டு. தவணை 29,484-ஆகக் குறைகிறது. மாதம் 5,000 ரூபாய் லாபம் என்று தோன்றும். பழைய இடத்திலேயே இருந்தால் மீதி 15 ஆண்டுக்கு நீங்கள் கட்ட வேண்டியது 62.48 லட்சம். புதிய இடத்தில் 20 ஆண்டுக்கு 70.76 லட்சம். வட்டி குறைந்தும் 8 லட்சத்துக்கு மேல் அதிகம்! மீதி இருக்கும் அதே 15 ஆண்டுக்கு மாற்றினால் மட்டுமே 1.85 லட்சம் மிச்சமாகும். அதிலிருந்தும் புதிய ப்ராசஸிங் கட்டணம், எம்.ஓ.டி. செலவைக் கழிக்க வேண்டும். மாற்றுவதற்கு முன் உங்கள் வங்கியிலேயே வட்டியைக் குறைக்கக் கேளுங்கள். சிறு கட்டணத்தில் வேலை முடியலாம். மாற்றும்போது கூடவே நீட்டப்படும் 'டாப்-அப்' கடனில் காரும் கல்யாணமும் நடத்தினால், அவற்றுக்கும் 20 ஆண்டு வட்டி கட்டுகிறீர்கள் என்று பொருள்.

கடைசித் தவணைக்குப் பிறகு

கடைசித் தவணை கட்டியதோடு வேலை முடிவதில்லை. கடன் முழுவதும் தீர்ந்த 30 நாளுக்குள் வங்கி மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல், வங்கியின் தவறால் தாமதமானால் ஒவ்வொரு நாளுக்கும் 5,000 ரூபாய் இழப்பீடு உங்களுக்குச் சேர வேண்டும். கடன் தொடங்கும்போது ஒப்படைத்த ஆவணங்களின் பட்டியலை வங்கி முத்திரையோடு வாங்கி வைத்திருந்தால் அன்று சரிபார்க்க எளிது. நிலுவை இல்லை என்ற சான்று வாங்குங்கள். எம்.ஓ.டி. பதிவான சார்பதிவாளர் அலுவலகத்திலேயே கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் பதிவு செய்யுங்கள். அதைச் செய்யாதவரை வில்லங்கச் சான்றில் உங்கள் வீடு அடமானத்தில் இருப்பதாகவே காட்டும். விற்கும்போதோ பிள்ளைகள் பெயருக்கு மாற்றும்போதோ சிக்கலாகும். சிபில் அறிக்கையிலும் கடன் முடிந்ததாகப் பதிவாகியிருக்கிறதா என்று ஒரு மாதம் கழித்துப் பாருங்கள்.

கடன் வாங்கப் போகும் நாளுக்கு முன்தினம் ஒரு வெள்ளைத் தாளில் நான்கு எண்களை எழுதி, கணவன் மனைவி இருவரும் பார்த்துப் பேசுங்கள்: கைக்காசும் பதிவுச் செலவும் சேர்ந்த தொகை, தவணையை மாதங்களால் பெருக்கிய தொகை, வட்டி 2 சதவீதம் ஏறினால் வரும் தவணை, கடன் முடியும்போது உங்கள் வயது. நான்கும் உங்களுக்குச் சம்மதம் என்றால் மறுநாள் வங்கிக்குப் போங்கள்.